சாபாவில் ஹ்மோங் கிராமத்துக்கு அரை நாள் நடை: யாருடன் போவது, எந்த வழியில் போவது

கொச்சியிலிருந்து ஹோ சி மின் நகருக்கு 2023-இல் நேரடி விமானம் வந்ததிலிருந்து நம் பக்கத்தில் வியட்நாம் போய்வந்தவர்கள் பெருகிவிட்டார்கள். கம்பம், குமுளி, கட்டப்பனை எங்கே போனாலும் ஒருவராவது அந்தக் கதை சொல்கிறார். பெரும்பாலும் ஹாலாங் விரிகுடா, பா நா மலையில் இரண்டு பெரிய கைகள் தாங்குகிற பாலம், அதோடு சரி. வடக்கே சாபா வரை போகிறவர்கள் குறைவு. போகிறவர்களும் கேபிள் காரில் ஃபான்சிபான் உச்சிக்கு ஏறிப் படம் எடுத்துக்கொண்டு இறங்கிவிடுகிறார்கள். வியட்நாமிலேயே உயரமான சிகரம், 3,140 மீட்டருக்கு மேல், பார்க்க வேண்டியதுதான். ஆனால் சாபாவில் ஒரு காலைப்பொழுதுதான் கையில் இருக்கிறது என்றால், அந்த மலையில் வாழ்கிற ஹ்மோங் இனப் பெண் ஒருவர் முன்னால் நடந்து கூட்டிப்போகிற அந்த அரை நாள் நடைக்குத்தான் நான் போகச் சொல்வேன். ஏலத்தோட்டம் வைத்திருப்பவர்கள் கட்டாயம் போக வேண்டும்.

நாங்கள் ஓணம் லீவில் போனோம். நானும் வீட்டுக்காரரும் பிள்ளைகளும், போடியிலிருந்து என் அண்ணனும் அண்ணியும். ஹனோயிலிருந்து படுக்கை வசதி உள்ள பஸ்ஸில் ஐந்தாறு மணி நேரம். ராத்திரி ரயிலில் லாவ் காய் வரை போய் அங்கிருந்து மலைப்பாதையில் ஏறவும் செய்யலாம். சாபா கிட்டத்தட்ட நம் மூணாறு உயரம்தான், ஏறக்குறைய 1,500 மீட்டர். பிரெஞ்சுக்காரர்கள் வெயிலுக்குத் தப்பித்து வந்து தங்க உண்டாக்கிய மலையூர், சீன எல்லைக்குப் பக்கம். சுற்றிலும் ஹ்மோங், தாவ், ஸாய், தாய் என்று பல மக்கள். வியட்நாமில் ஹ்மோங் மக்கள் மட்டும் 2019 கணக்கெடுப்பின்படி கிட்டத்தட்ட 14 லட்சம் பேர். தெற்குச் சீனாவிலிருந்து தலைமுறை தலைமுறையாக மலை வழியே இறங்கி வந்தவர்கள்.

முதலில் எந்த வழி என்று முடிவு செய்யுங்கள். கடைத்தெருவில் நுழைந்து அரை நாள் நடை என்று கேட்டாலே காட் காட் கிராமத்தைத்தான் நீட்டுவார்கள். சாபாவிலிருந்து இரண்டு மூன்று கிலோமீட்டர்தான், டிக்கெட் வாங்கி உள்ளே போனால் கல் படிக்கட்டு, படிக்கட்டின் இரண்டு பக்கமும் கடை, ஹ்மோங் உடையை வாடகைக்கு எடுத்து மாட்டிக்கொண்டு படம் எடுக்கிற கூட்டம், கீழே ஒரு அருவி. அழகான இடம்தான், குறை சொல்லவில்லை. ஆனால் அங்கே போய்விட்டு ஹ்மோங் கிராமத்தைப் பார்த்தோம் என்று சொல்ல எனக்கு மனசு வராது. நாங்கள் போனது யீ லின் ஹோ வழியாக லாவ் சாய் வரை. மூங் ஹோவா ஓடையை ஒட்டி, வயல் வரப்பு, மூங்கில் தோப்பு, சேற்றுச் சரிவு என்று ஏழெட்டு கிலோமீட்டர் வரும். பெரும்பகுதி இறக்கம். பத்து வயசுக்கு மேற்பட்ட பிள்ளைகள் தாராளமாக நடக்கும். முட்டிவலி உள்ளவர்கள் வேண்டாம், ஏற்றத்தைவிட இந்த இறக்கம்தான் முட்டியை வாங்கிவிடும்.

அப்புறம் யாருடன் போவது என்பது. இதைத்தான் அழுத்திச் சொல்ல வருகிறேன். கடைத்தெருவில் இருக்கிற அலுவலகங்களில் பணம் கட்டினால், கூட நடந்து வருகிற பெண்ணுக்குப் போய்ச் சேருவது அதில் ஒரு பங்குதான். எங்களுடன் வந்தவரே சொன்னார். நாங்கள் தங்கிய வீட்டுக்காரம்மாவிடம் சொல்லி, லாவ் சாய் ஊர்க்காரப் பெண் ஒருவரை நேராகப் பேசிக்கொண்டோம். ஆளுக்கு 20 டாலர் கணக்கு, மதியச் சாப்பாடு அதிலேயே அடக்கம், பிள்ளைகளுக்குப் பாதி. பேரம் பேசவில்லை, பேசவும் கூடாது என்பது என் அபிப்பிராயம். காலை ஒன்பது மணியிலிருந்து மத்தியானம் வரை ஒரு மனுஷி நம் பிள்ளைகளைக் கைப்பிடித்து வரப்பில் நடத்திக்கொண்டு வருகிறார், அதுவும் அறுவடைக் காலத்தில், சொந்த வயலை விட்டுவிட்டு.

நான் இதை எழுதுவதற்கு இன்னொரு காரணம், நாங்கள் குமுளிக்காரர்கள். காட்டுக்குள் கூட்டிப்போகிற வேலையைப் பக்கத்திலிருந்து பார்த்தே வளர்ந்தவர்கள். தேக்கடியில் வனத்துறையோடு சேர்ந்து மன்னான், பளியர் குடிகளைச் சேர்ந்தவர்கள்தான் கைடு. ஒரு காலத்தில் காட்டில் திருட்டுத்தனமாக வயணப் பட்டை (காட்டு இலவங்கப் பட்டை) உரித்தவர்களே பிற்பாடு குழுவாகச் சேர்ந்து காட்டைக் காக்கவும் ஆட்களைக் கூட்டிப்போகவும் ஆரம்பித்த ஊர் இது. பணத்துக்கு ரசீது உண்டு, குழுவில் எத்தனை பேர் என்ற கட்டுப்பாடு உண்டு, அட்டை ஏறாமல் இருக்க முழங்கால்வரை மூடுகிற உறையும் மூக்குப்பொடியும் கொடுத்துத்தான் காட்டில் இறக்குவார்கள். சாபாவில் அந்த ஒழுங்கை நான் பார்க்கவில்லை. கிராமத்துக்குள் நுழைய டிக்கெட் இருக்கிறது, மற்றபடி யார் கூட்டிப்போகிறார்கள், அவருக்கு என்ன கிடைக்கிறது என்பது அந்தந்த ஏற்பாட்டைப் பொறுத்தது. அதனால்தான் விசாரித்துப் போங்கள் என்கிறேன். ஆனால் வீட்டுக்குள் கூப்பிட்டு உட்காரவைத்து அடுப்படியில் பேசுகிற அந்த நெருக்கம் நம் தேக்கடி நடையில் இல்லை, அங்கே யானையும் காட்டுமாடும்தான் பேச்சு.

எங்கள் வழிகாட்டிக்கு முப்பது வயசு இருக்கும். சின்ன வயசில் சாபா தெருவில் கைவினைப் பொருள் விற்கிற பெண்களோடு சுற்றியே இங்கிலீஷ் பேசக் கற்றுக்கொண்டாராம். அவர் இங்கிலீஷ் எங்களுக்குச் சுலபமாகப் புரிந்தது, எங்களுடையதும் அவருக்கு. நடக்கும்போது கை சும்மா இருக்கவில்லை. இடுப்பில் ஹெம்ப் என்கிற கஞ்சா இனச் செடியின் நார்க் கட்டு ஒன்றைச் சொருகி வைத்திருந்தார், அதிலிருந்து ஒவ்வொரு இழையாக உருவி, முந்தைய இழையின் நுனியோடு சேர்த்து விரலால் திரித்து, திரித்ததை உள்ளங்கையைச் சுற்றிக்கொண்டே வந்தார். சரிவு வந்தால் பிள்ளையைப் பிடிக்க ஒரு கை, மறு கை திரித்துக்கொண்டே இருக்கும். அந்த நூலைத்தான் நெய்து, அவுரியில் திரும்பத் திரும்ப முக்கிக் கறுநீலமாக்கி உடுத்துகிறார்கள். விரல் இடுக்கெல்லாம் நீலம் ஏறிப்போயிருந்தது. ஒரு வீட்டு வாசலில் அவுரி இலை ஊறுகிற பீப்பாயைத் திறந்து காட்டினார். சுண்ணாம்பு சேர்த்துக் கலக்கினால் அடியில் சாயம் களிம்பாகப் படியும். மேலே நுரை, வாடை கொஞ்சம் கடுமை. அவுரிப் பை வாங்குகிறவர்கள் வெள்ளைத் துணியோடு சேர்த்துப் பெட்டியில் வைக்காதீர்கள், முதல் சில தடவை சாயம் நன்றாக இறங்கும்.

வயலில் அறுப்பு ஆரம்பித்திருந்தது. அடுக்கடுக்காக இறங்குகிற வயலில் பாதி மஞ்சள், பாதி தாள். கதிர்க்கட்டை ஒரு பெரிய மரத்தொட்டியின் விளிம்பில் ஓங்கி அடித்து நெல்லை உதிர்க்கிறார்கள், அந்தச் சத்தம் பள்ளத்தாக்கு முழுக்கக் கேட்கிறது. குளிரால் வருஷத்துக்கு ஒரு போகம்தான். எங்கள் கம்பம் பள்ளத்தாக்கில் பெரியாற்றுத் தண்ணீரில் இரண்டு போகம் எடுப்பார்கள் என்றதும் நின்று, எவ்வளவு நெல், எத்தனை மாதம், தண்ணீர் யாருடையது என்று கேட்டுக்கொண்டே வந்தார். தண்ணீர் கதையைச் சொல்லி முடிக்க அண்ணனுக்கு ஒரு மலை போதவில்லை.

குலப்பெயர் பேச்சும் வந்தது. ஒரே குலப்பெயர் உள்ளவர்களுக்குள் கல்யாணம் கிடையாது, ஆள் எவ்வளவு தூரத்து ஊர்க்காரராக இருந்தாலும் சரி. அண்ணி உடனே "பங்காளி முறைங்க, நம்ம ஊர் மாதிரியேதான்" என்றார்.

லாவ் சாயில் அவருடைய சொந்தக்காரர் வீட்டில் சாப்பாடு. மரப்பலகைச் சுவர், மண் தரை, மேலே பரணில் மக்காச்சோளம். வாசலுக்கு நேர் எதிர்ச் சுவரில் சாமிக்கு ஒட்டிய காகிதம், அதில் கோழி இறகு. அடுப்புக்கு மேலே தொங்கிய கூடையில்தான் அண்ணன் கண் போனது. அவர்கள் ஊர் ஏலக்காய், தாவ் குவா என்கிறார்கள். நம் ஏலக்காய் இல்லை, அதே குடும்பத்துப் பெரிய காய், பெருவிரல் நுனி அளவு, பழுப்புக் கறுப்பு, மூக்குக்குக் கொண்டுபோனாலே புகை வாசம். ஃபோ சூப்பில் போடுகிறார்கள், அதிகமும் சீனாவுக்குப் போகிறது. அண்ணி பயணத்தில் வயிற்றுக்கு என்று எப்போதும் வைத்திருக்கிற டப்பாவிலிருந்து நம் எட்டு மில்லிமீட்டர் பருமன் பச்சை ஏலக்காயை எடுத்து வழிகாட்டி கையில் வைத்தார். அவர் நகத்தால் கீறி, உள்ளே இருந்த விதையை எண்ணிப் பார்த்து, ஒன்றை மென்று, "புகை போடவில்லையா?" என்றுதான் முதல் கேள்வி.

அங்கிருந்து ஒரு மணி நேரம் போனது தெரியவில்லை. அவருடைய வீட்டுக்காரர் சீசனில் ஹோவாங் லியென் காட்டுக்குள் போய்க் குடிசை போட்டுத் தங்கி, தூரில் சிவப்பாகக் காய்த்ததை அறுத்து, அங்கேயே பரண் கட்டி விறகுத் தீயில் காயவைத்துச் சுமந்துகொண்டு வருவாராம். நாங்கள் ஸ்டோரில், அதாவது காய் உலர்த்துகிற கட்டடத்தில், குழாய் வழியாகச் சூடு காட்டி, பச்சை நிறம் போகாமல் உலர்த்துவதைச் சொன்னோம், போன் படத்தைக் காட்டினோம், புத்தடியில் ஏலக்காய் ஏலம் விடுகிற இடத்தில் மாதிரிக் காயைத் தட்டில் வைத்து விலை கேட்பதைச் சொன்னோம். காட்டு மரத்தின் நிழலில்தான் இரண்டும் விளைகிறது. 1990-களில் அரசாங்கம் அபினியை ஒழித்த பிறகு அந்த மலைகளில் கைக்குக் காசு கொடுத்த பயிர் இந்தத் தாவ் குவாதான். 2002-இல் அந்தக் காடு தேசியப் பூங்கா ஆனது, உள்ளே புதிதாகச் செடி நடக்கூடாது, விறகு வெட்டக்கூடாது என்று கெடுபிடி. ஏலமலைக் காட்டில் பட்டாவுக்கும் மரத்துக்கும் நாம் படுகிற பாட்டைச் சொன்னால் அவருக்கு விளக்கமே தேவைப்படவில்லை. பனி விழுந்த வருஷங்களில் செடி மொத்தமாகக் கருகிவிடும் என்றார். 2024 கோடையில் வெயிலில் எங்கள் செடிகள் கருகியதை என் வீட்டுக்காரர் சொன்னார். சுற்றுலா வந்த இடத்தில் இவ்வளவு நேரம் தொழில் பேசுவோம் என்று நினைக்கவே இல்லை. எனக்கு அந்தப் பயணத்திலேயே நிறைவான நேரம் அதுதான்.

சாப்பாட்டைப் பற்றி அண்ணி எழுதச் சொன்னார், அவர் சைவம். தக்காளியில் வேகவைத்த டோஃபு, முட்டைக்கோஸ், அப்புறம் சௌசௌக் கொழுந்தைப் பூண்டு தட்டிப்போட்டு வதக்கியது. நாம் காயை மட்டும் பறித்துவிட்டுக் கொடியை மாட்டுக்குப் போடுகிறோம், அந்தக் கொழுந்து அவ்வளவு ருசி. சைவத்துக்கு "ஆன் சாய்" என்று சொன்னால் புரிந்துகொள்வார்கள். ஆனாலும் மீன் சாறு ஊற்ற வேண்டாம் என்று முதல் நாளே தனியாகச் சொல்லிவைக்க வேண்டும், அது அவர்களுக்கு உப்பு மாதிரி, கை தானாகப் போய்விடும்.

விற்கிற பெண்களைப் பற்றிப் பலர் குறை சொல்வார்கள். நடை தொடங்கும் இடத்திலேயே நாலைந்து பேர் கூடவே வருவார்கள், வழுக்குகிற இடத்தில் கை கொடுப்பார்கள், முடிவில் கூடையை இறக்கி வாங்கச் சொல்வார்கள். வாங்குவதாக இல்லை என்றால் ஆரம்பத்திலேயே வழிகாட்டி மூலம் சொல்லிவிடுங்கள். கையைப் பிடித்து இறங்கிவிட்டுக் கடைசியில் முகத்தைத் திருப்புவது நியாயமில்லை. நான் என் அம்மா வயசுள்ள ஒருவரிடம் தேன்மெழுகால் கோலம் எழுதிச் சாயம் போட்ட துணி ஒன்று வாங்கினேன். குழந்தைகளிடம் மட்டும் வாங்காதீர்கள். வாங்க வாங்க அவர்கள் பள்ளிக்கூடத்துக்குப் போகாமல் தெருவிலேயே நிற்பார்கள், வாங்க வேண்டாம் என்று அங்கேயே பலகை வைத்திருக்கிறார்கள்.

குறைகளும் இருக்கின்றன. லாவ் சாய் நெருங்க நெருங்க காங்கிரீட் பாதை, புதுத் தங்கும் விடுதிகள், லாரிச் சத்தம். ஆள் நடமாட்டம் இல்லாத கிராமம் வேண்டும் என்றால் அரை நாளில் கிடைக்காது, ஒரு ராத்திரி தங்கி உள்ளே போக வேண்டும். மழை பெய்தால் சேறு முழங்கால் வரை. ரப்பர் பூட்ஸ் தங்கும் இடத்திலேயே கிடைக்கும், போட்டுக்கொள்ளுங்கள். எங்கள் காலில் ஒரு அட்டைகூட ஏறவில்லை. டிசம்பரிலிருந்து பிப்ரவரி வரை மூடுபனியில் எதிரே நிற்கிற ஆள் தெரியாத நாட்கள் உண்டு, குளிரும் கடுமை. செப்டம்பர்தான் வயலுக்கு அழகான மாதம். ஆனால் அது புயல் மாதமும்கூட. 2024 செப்டம்பரில் யாகி புயல் மழையில் லாவ் காய் மாகாணத்தில் பெரிய நிலச்சரிவு, ஒரு கிராமமே மண்ணுக்குள் போனது. எதிர் மலையில் மண் பெயர்ந்து சிவப்பாகத் தெரிந்த ஒரு இடத்தைப் பார்த்து அண்ணன் "பெட்டிமுடி" என்று மட்டும் சொன்னார், மூணாறு பக்கம் நிலச்சரிவில் புதைந்த தோட்டக் குடியிருப்பு அது, அதற்குமேல் யாரும் பேசவில்லை. மழை எச்சரிக்கை இருந்தால் வழிகாட்டி வேண்டாம் என்பார். வற்புறுத்தாதீர்கள், காசு போனாலும் போகட்டும்.

கடைசியாகத் திரும்பி வருகிற வண்டி. அதை மட்டும் சாபா கடைத்தெருவில் ஒரு அலுவலகத்தில் முன்பணம் கட்டிப் பேசியிருந்தோம். இரண்டு மணிக்கு வர வேண்டியது, தூறலில் ஒரு மணி நேரத்துக்கு மேல் நிற்கவைத்துவிட்டு வந்தது. வந்தபிறகும் ஆள் கூடுதல் என்று மேலே காசு கேட்டார்கள். லாவ் சாயிலேயே வண்டி வைத்திருக்கிறவர்கள் இருக்கிறார்கள். உங்களைக் கூட்டிப்போகிற பெண்ணிடமே காலையில் சொல்லிவிட்டால் அவர் போன் போட்டு ஏற்பாடு செய்துவிடுவார், அந்தக் காசும் அந்த ஊருக்குள்ளேயே இருக்கும்.