இலவச மென்பொருளுக்கு 12,000 ரூபாய் ‘உரிமக் கட்டணம்’: பிளெண்டர் கற்கச் சேருவோர் கவனத்திற்கு

கும்பகோணத்தை அடுத்த ஓர் ஊரில் மரவேலைப் பட்டறை வைத்திருக்கிறேன். நிலைக்கதவு, பூஜை அலமாரி, சமையலறை அலமாரி ஆகியவற்றைச் செய்து கொடுப்பது தொழில். தாளில் வரைந்து காட்டும்போது தலையாட்டுகிற வாடிக்கையாளர்கள், பொருள் வீட்டுக்குப் போனபிறகு “இப்படி இருக்கும் என்று நினைக்கவில்லையே” என்பார்கள். அந்தத் தொல்லை தீர வேண்டும் என்றுதான், முப்பரிமாண வடிவமைப்பும் அனிமேஷனும் கற்றுத் தருவதாக விளம்பரம் செய்திருந்த ஒரு பயிற்சி மையத்தில் 2023ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் சேர்ந்தேன். மையத்தின் பெயரை இங்கே எழுதவில்லை. பணம் வாங்கிய முறையைத்தான் எழுதுகிறேன்.

மூன்று மாதப் பயிற்சிக்கு 26,000 ரூபாய், அதற்கு மேல் ‘மென்பொருள் உரிமக் கட்டணம்’ 12,000 ரூபாய், ஆக 38,000 ரூபாய் கட்டினேன். “ஒரிஜினல் லைசென்ஸ் சார், ஒரு வருஷத்துக்குச் செல்லும். லைசென்ஸ் இல்லாமல் டிசைன் செய்து வியாபாரத்துக்குப் பயன்படுத்தினால் கேஸ் ஆகிவிடும்” என்று வரவேற்பில் இருந்தவர் விளக்கினார். இழைப்பு எந்திரமானாலும் ரம்பமானாலும் விலை கொடுத்து வாங்கியே பழகியவன் நான். கருவிக்குக் காசு கேட்கிறார்கள் என்பது எனக்கு நியாயமாகவே பட்டது. ஒரு பென்டிரைவில் பிளெண்டர் என்ற முப்பரிமாண வடிவமைப்பு மென்பொருளைப் போட்டுக் கொடுத்தார்கள்.

உண்மை நிலவரம் இதுதான். நெதர்லாந்தைச் சேர்ந்த டோன் ரோசன்டால் உருவாக்கிய பிளெண்டரை விற்றுவந்த நிறுவனம் 2002இல் நொடித்துப்போனபோது, உலகெங்கும் இருந்த பயனர்கள் ஏழே வாரங்களில் 1,00,000 யூரோ திரட்டி, அது எழுதப்பட்ட மூலநிரலை மீட்டார்கள். அந்த ஆண்டு அக்டோபர் 13 முதல் அது, யாரும் பயன்படுத்தவும் மாற்றவும் பகிரவும் இடம்தரும் குனூ பொது உரிமத்தின் கீழ் அனைவருக்கும் பொதுவாக இருக்கிறது. பிளெண்டர் அறக்கட்டளையின் இணையதளத்திலிருந்து எவரும் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காமல் இறக்கிக்கொள்ளலாம். ஆண்டுப் புதுப்பிப்பு என்று எதுவும் கிடையாது. அதில் நாம் உருவாக்கும் வடிவங்கள் நமக்கே சொந்தம், அவற்றை விற்கவும் தடையில்லை. மையத்தின் பக்கம் உள்ள நியாயத்தையும் சொல்லிவிடுகிறேன்: பயிற்சிக்குக் கட்டணம் வாங்குவதில் தவறில்லை, அந்த உரிமத்தின்படி மென்பொருளின் படியை விலைக்குக் கொடுப்பதுகூடக் குற்றமில்லை. ஓராண்டு உரிமம், வழக்கு என்று இல்லாததைச் சொல்லி அச்சுறுத்திப் பணம் வாங்கியதுதான் ஏமாற்று.

வாங்கிய 26,000 ரூபாய்க்காவது ஒழுங்காகக் கற்றுக்கொடுத்திருந்தால் இவ்வளவு மனம் கசந்திருக்காது. இரண்டாம் வாரம் ஒரு பலகை செய்யச் சொன்னார்கள். மென்பொருளைத் திறந்ததும் நிற்கும் கனசதுரத்தையே ‘எஸ்’ விசையால் நீட்டியும் தட்டையாக்கியும் பலகையாக்கிவிட்டு, அதன் விளிம்புகளை மழுக்கினேன். ஒரு பக்கம் விரலளவு அகலமாகவும் இன்னொரு பக்கம் நூலளவாகவும் மழுங்கியது. பட்டறையில் ஒரு பையன் இப்படி இழைத்திருந்தால் அன்றைக்கே கண்டித்திருப்பேன். காரணம் கேட்டதற்கு, “சாப்ட்வேரில் ஏதோ கோளாறு, விட்டுவிடுங்கள்” என்றார் பயிற்றுநர். கோளாறு எதுவும் இல்லை. நீட்டிய அளவை ‘கண்ட்ரோல் ஏ’ அழுத்தி நிலைப்படுத்தாமல் விட்டால், மென்பொருள் அதை இன்னும் பழைய கனசதுரமாகவே கணக்கிட்டு, நீட்டிய திசையில் மழுக்கலையும் சேர்த்து நீட்டிவிடும். தொடக்கப் பாடங்களிலேயே சொல்லித்தர வேண்டிய செய்தி இது.

அனிமேஷன் பகுதியில் கதவு திறப்பதைச் செய்ய விரும்பினேன். அனிமேஷன் என்பது சட்டகம் எனப்படும் தனித்தனிப் படங்களின் வரிசை; முதல் சட்டகத்தில் மூடிய நிலைக்கும் 48ஆம் சட்டகத்தில் 90 பாகை திறந்த நிலைக்கும் ‘ஐ’ விசையால் குறியிட்டால், வினாடிக்கு 24 சட்டகம் என்ற கணக்கில் ஏறத்தாழ இரண்டு வினாடியில் கதவு திறக்க வேண்டும். என் கதவோ கீலை விட்டுவிட்டு, நட்டநடுவில் முளையடித்ததுபோல் அங்கேயே சுழன்றது. கீல் வைத்துக் கதவு மாட்டியே வயிறு வளர்ப்பவனுக்கு அதைப் பார்த்துச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. “அதெல்லாம் அட்வான்ஸ்டு கோர்ஸில்தான் வரும், 15,000 ரூபாய் ஆகும்” என்றார்கள். கதவு சுழலும் மையப்புள்ளியைக் கீல் இருக்கும் விளிம்புக்கு மாற்ற வேண்டும், அவ்வளவுதான்: இடம் குறிக்க உதவும் முப்பரிமாணச் சுட்டியை அங்கே கொண்டுபோய் வைத்துவிட்டு, மையப்புள்ளியை அதற்கு நகர்த்தும் கட்டளையைக் கொடுத்தால் அரை நிமிட வேலை.

தீபாவளி விடுமுறைக்கு வந்திருந்த என் அக்கா மகன் திரையைப் பார்த்ததுமே, “மாமா, இதற்கா காசு கொடுத்தீர்கள்?” என்று கேட்டான். மற்றொன்றையும் அவனே காட்டினான். எனக்குக் கொடுத்திருந்தது 2017இல் வெளியான 2.79 பதிப்பு, அப்போது 3.6 வந்தே பல மாதங்கள் ஆகியிருந்தன. 2019இல் வந்த 2.80 பதிப்பிலேயே திரையமைப்பு முழுவதும் மாறிவிட்டது, வலது சொடுக்கில் தேர்ந்தெடுக்கும் பழக்கம் இடது சொடுக்குக்குப் போய்விட்டது, மூன்று வாரம் எனக்கு மெருகும் வெளிச்சமும் கற்றுக்கொடுத்த, வடிவத்தை இறுதிப் படமாக மாற்றித் தரும் பழைய படமாக்கும் பொறியே நீக்கப்பட்டுவிட்டது. அதாவது, ஒழிந்துபோன ஒன்றை மூன்று வாரம் மனப்பாடம் செய்திருக்கிறேன்.

இதைப்பற்றிக் கேட்கப்போனபோது, இலவசமாகக் கிடைப்பது சிறுபிள்ளைகள் விளையாடுவதற்கான பதிப்பு, தொழிலுக்கானது வேறு என்றார்கள். அப்படி இரண்டு பதிப்புகள் இல்லை. 2025இல் சிறந்த அனிமேஷன் படத்துக்கான ஆஸ்கர் பெற்ற லாட்வியா நாட்டு இயக்குநரின் படம் இதே இலவசப் பிளெண்டரில்தான் உருவாக்கப்பட்டது.

சேரும் முன்பு மையத்தின் கணினியில் மென்பொருளைத் திறக்கச் சொல்லிப் பாருங்கள். தொடக்கத்தில் தோன்றும் படத்திலேயே பதிப்பு எண் இருக்கும். அதை இணையதளத்தில் உள்ள எண்ணோடு ஒப்பிட ஒரு நிமிடம் போதும். கட்டணத்தை இனவாரியாகப் பிரித்து எழுதிய ரசீதைக் கட்டாயம் கேட்டு வாங்குங்கள். என்னைக் காப்பாற்றியது அதுதான். ‘சேர்க்கைக் கட்டணம் திருப்பித் தரப்படாது’ என்று ரசீதின் பின்புறம் அச்சிட்டிருந்தாலும், முன்புறம் ‘உரிமக் கட்டணம் 12,000’ என்று அவர்கள் கைப்படவே எழுதியிருந்தார்கள். தேசிய நுகர்வோர் உதவி எண்ணான 1915இல் புகார் பதிந்து, அந்த ரசீதின் படத்தையும் இணைத்த பிறகு, இரண்டு மாத இழுபறிக்குப் பின் 12,000 ரூபாய் மட்டும் திரும்பி வந்தது.

பயிற்சிக் கட்டணத்தைத் தர மறுத்துவிட்டார்கள். மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம் என்று சொன்னவர்களிடம் பட்டறையில் வேலை நெருக்கடி என்று தள்ளிப்போட்டேன். அங்கே மனு கொடுக்க இரண்டு ஆண்டுக் காலக்கெடு உண்டு என்பது, அது கடந்து இரண்டு வாரம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது.