செம்பருத்திக்குத் தொட்டி மாற்ற ஆள் கூப்பிடுகிறவர்கள் கவனத்துக்கு

மதுரை திருநகரில் இருக்கிறோம். மாடியில் ஐந்து செம்பருத்தி. அதில் ஒன்று, வாடிப்பட்டியில் அம்மா வீட்டுக் கிணற்றடியிலிருந்து 2016-ல் குச்சி ஒடித்து வந்து நான் வைத்தது. ஒற்றை அடுக்கு, நல்ல சிவப்பு. அம்மா போன பிறகு வெள்ளிக்கிழமை விளக்குக்கு அந்தப் பூதான்.

தொட்டி பத்தாமல் அடி ஓட்டை வழியாக வேர் எட்டிப் பார்க்க ஆரம்பித்தது. எனக்கு முதுகுவலி, தூக்க முடியாது. தொட்டி, மண் எல்லாம் தானே கொண்டுவந்து மாற்றித் தருவதாகச் சொன்ன ஒருவரைக் கூப்பிட்டேன். தொட்டிக்கு 450 ரூபாய், ஐந்துக்கு 2,250. சித்திரைத் திருவிழா முடிந்த வாரம், உச்சி வெயிலில் வந்து நின்றார். வெயில் தாழ வரச் சொன்னதற்கு, "ஒண்ணும் ஆகாதுக்கா, தினமும் பத்து வீட்டுல செய்றோம்" என்றார். நான் கீழே போய் மோர் எடுத்து வருவதற்குள் மூன்று தொட்டி முடிந்திருந்தது. மேலே பார்த்தால் செக்கச்செவேல் என்று செம்மண். "காலைல ஒரு வாளி, சாயந்தரம் ஒரு வாளி ஊத்துங்கக்கா" என்று சொல்லிப் பணத்தை வாங்கிக்கொண்டு போனார். சொன்னபடி ஊற்றினேன்.

பத்தே நாளில் இலை மஞ்சளானது, மொட்டு விரியாமலே உதிர்ந்தது. மண் ஈரமாக இருக்கும்போதே செடி வாடித் தொங்கியது. தண்ணீர் பத்தவில்லையோ என்று இன்னும் ஊற்றினேன். போன் செய்தால் மருந்து அடிக்க வேண்டும் என்று 600 ரூபாய் வாங்கிக்கொண்டு, பெயர் ஒட்டாத பாட்டிலில் எதையோ கொடுத்தார். அதற்குப் பிறகு போனை எடுக்கவே இல்லை.

எதிர்வீட்டுப் பெரியம்மாதான் தொட்டியைச் சாய்த்துத் தட்டச் சொன்னார். மேலே ஒரு அங்குலம் மட்டும் செம்மண். கீழே முழுக்கக் கரிசல், திருமங்கலம் பக்கம் பருத்திக்காட்டில் கிடக்குமே, அந்த மண். நனைந்தால் பசையாகிக் காற்றே புகாது. தொட்டிக்கு ஆகவே ஆகாது. புதுத் தொட்டியின் அடியில் ஓட்டைக்கான வட்டக் குறி இருந்தது, ஓட்டை போடவே இல்லை. ஒரு சாண் உயரத்துக்குச் சாக்கடை நாற்றத்தோடு தண்ணீர். வேரைத் தொட்டால் தோல் உரிந்து கையோடு வந்தது. "ஏத்தா, வேரை அழுக விட்டுட்டியே" என்றார். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

மூன்று செடி போய்விட்டன. அம்மா செடியில் பச்சையாக இருந்த நான்கு குச்சிகளை வெட்டி நிழலில் ஊன்றியிருக்கிறேன். ஒன்றில் துளிர் தெரிகிறது.

யாரையாவது கூப்பிட்டால் பக்கத்திலேயே நில்லுங்கள். மண் மூட்டையைக் கொட்டச் சொல்லிக் கையால் பிசைந்து பாருங்கள். உருண்டை பிடித்து உடையாமல் நின்றால் திருப்பி அனுப்பிவிடுங்கள். செம்மண் இரண்டு பங்கு, மட்கிய சாணம் ஒரு பங்கு, அலசிய தென்னை நார்க்கழிவு ஒரு பங்கு, இதுவே போதும். நார்க்கழிவை அலசாமல் போட்டால் அதிலிருக்கும் உப்பு வேரைப் பாதிக்கும். பழைய தொட்டியைவிட இரண்டு அங்குலம் பெரிதாக இருந்தால் போதும், அண்டா மாதிரி வேண்டாம். முதல் நாளே தண்ணீர் விட்டு, மறுநாள் சாயந்தரம் மாற்றி, ஒரு வாரம் நிழலில் வையுங்கள். புதுத் துளிர் வரும்வரை உரம் வேண்டாம்.

தண்ணீருக்கு வாளிக் கணக்கு கிடையாது. விரலை இரண்டு கணு ஆழம் மண்ணில் விடுங்கள். காய்ந்திருந்தால் அடியில் வழியும்வரை ஊற்றுங்கள், ஈரமிருந்தால் விட்டுவிடுங்கள். கோடையில் தினமும் கேட்கும், ஐப்பசி மழையில் நாலு நாள்கூடக் கேட்காது. செடி வாடியிருக்கிறதே என்று உடனே ஊற்றாதீர்கள், முதலில் மண்ணைத் தொடுங்கள். நான் அதைச் செய்யாததால்தான் இரண்டு வாரம் வீணாகப் போனது.

சமீபத்தில் யாரிடமாவது தொட்டி மாற்றியிருந்தால் இன்றைக்கே அதைச் சாய்த்து அடியைப் பாருங்கள். ஓட்டை இல்லையென்றால் ஆணியைச் சூடு செய்து நாலைந்து குத்துங்கள்; வேர் வெள்ளையாக இருந்தால் செடி பிழைத்துக்கொள்ளும்.