சதவீதத்தைப் படிப்படியாகப் போடுவதா, பெருக்கியா?

640 என்ற எண் முதலில் 15% கூடுகிறது, அப்புறம் 20% குறைகிறது, கடைசியில் 5% கூடுகிறது. ஒவ்வொரு படியிலும் சதவீதத்தைத் தனியாகக் கண்டுபிடித்துக் கூட்டிக் கழித்தால் 736, 588.8, 618.24 என்று போகும். சரியான வழிதான், ஒவ்வொரு முறையும் எவ்வளவு மாறியது என்பதும் தெரியும், ஆனால் இரண்டாவது படியில் 736-க்குப் பதிலாகப் பழைய 640-க்கே 20% எடுத்துவிடும் தவறு இதில்தான் எளிதாக நுழைகிறது.

தசமப் பெருக்கியில், அதாவது 15% கூடுவதை 1.15 என்றும் 20% குறைவதை 0.8 என்றும் 5% கூடுவதை 1.05 என்றும் எழுதிப் பெருக்கும் வழியில், அந்தக் குழப்பமே இல்லை. 1.15 × 0.8 × 1.05 = 0.966. இதை 640-ஆல் பெருக்கினால் அதே 618.24. மொத்தத்தில் 3.4% குறைவு என்பது தொடக்க எண் தெரியாமலேயே கிடைத்துவிடுகிறது பாருங்கள், அதற்காகவே எனக்கு இந்த வழி பிடிக்கும். வரிசையை மாற்றினாலும் விடை மாறாது. பின்னோக்கிப் போக 0.966-ஆல் வகுத்தால் போதும், 618.24-உடன் 3.4% கூட்டினால் 640 வராது.