சொல்லா, மரபணுக் குறியா: எதில் உருவம் பொருளைப் போல இருக்கிறது?

'நாய்' என்ற சொல்லில் வாலும் இல்லை, குரைப்பும் இல்லை. மரபணுவிலும் அதே கதைதான். யுஜிஏ என்ற மூன்றெழுத்துக் குறி நம் செல்லின் உட்கரு மரபணுக்களில் பொதுவாக 'புரதம் கட்டுவதை நிறுத்து' என்று பொருள்படும், அதே செல்லுக்குள் ஆற்றல் தயாரிக்கும் மைட்டோகாண்ட்ரியாவில் டிரிப்டோபன் என்ற அமினோ அமிலத்தை, அதாவது புரதத்தைக் கட்டும் செங்கற்களில் ஒன்றைக் குறிக்கும்; இடையில் நின்று குறியையும் அமிலத்தையும் இணைக்கும் டிஆர்என்ஏ என்ற மூலக்கூறை மாற்றினால் பொருளும் மாறிவிடும், கிட்டத்தட்ட அகராதியை மாற்றுவது போல.

ஆனால் மொழி அவ்வளவு வறட்சி இல்லை. சலசல, தடதட, படபட என்று ஓசையே பொருளைச் செய்துகாட்டும் சொற்கள் தமிழில் கொட்டிக் கிடக்கின்றன. 2001-ல் ராமச்சந்திரன், ஹப்பார்டு என்ற ஆய்வாளர்கள் இரண்டு வடிவங்களைக் காட்டி, பொருளே இல்லாத இரண்டு சொற்களைச் சொல்லி, எது 'பூபா', எது 'கிகி' என்று கேட்டபோது, பெரும்பாலோர் வளைந்ததைப் பூபா என்றும் கூர்முனை உள்ளதைக் கிகி என்றும் சொன்னார்கள்.

சரி, மரபணுவில் இப்படி ஏதாவது உண்டா? தனிக் குறியில் தேடினால் ஏமாற்றம்தான் (சில ஆர்என்ஏ துண்டுகள் ஆர்ஜினைன் என்ற அமினோ அமிலத்தைப் பிடித்துக்கொள்ளும் இடத்தில் அதன் குறிகளே தென்படுகின்றன என்பார்கள், எனக்கு அது போதவில்லை). குறிகளின் மொத்த அட்டவணையைப் பாருங்கள்: 64 குறிகளில் நடு எழுத்து யு ஆக இருக்கும் 16-ம் நீரை வெறுக்கும் அமினோ அமிலங்களையே குறிக்கின்றன, அதனால் ஓரெழுத்து பிசகினாலும் பல சமயம் குணம் நெருங்கிய அமிலமே வந்து சேருகிறது. மொழியிலோ 'கல்', 'பல்', 'நெல்' ஒலியில் நெருக்கம், பொருளில் எங்கெங்கோ. ஆக, ஒற்றைச் சொல்லின் சாயலில் மொழி முந்துகிறது, அமைப்பின் சாயலில் என் ஓட்டு மரபணுவுக்கு.