பி. சி. ஸ்ரீராமா, சந்தோஷ் சிவனா?

சிங்கப்பூரில் தமிழ்க் குறும்படம் எடுக்க முனையும் இளையர்கள் தமிழ்த் திரைப்பட ஒளிப்பதிவாளர்களான இவ்விருவரில் யாரைப் பின்பற்றலாம் என்பது, அவர்கள் எங்கே படமெடுக்கிறார்கள் என்பதைப் பொறுத்தது. சென்னை அடையாறு திரைப்படக் கல்லூரியில் பயின்ற ஸ்ரீராம், தேசிய விருது பெற்றுத் தந்த 'நாயகன்' (1987) படத்தில், முகத்தின் ஒரு பாதியைத் தயங்காமல் இருளில் விட்டு, மறுபாதியை மட்டும் மெல்லிய ஒளியால் வரைந்து காட்டுகிறார். 'அக்னி நட்சத்திரம்' (1988) படத்தில் லென்ஸை நேரே தாக்கும் வெளிச்சத்தையே அழகாக்கியதோ, சில இடங்களில் மிகை என்பேன்.

புனே திரைப்படக் கல்லூரியில் பயின்ற சிவனுக்கு இயற்கை ஒளியே முதல் துணை. 'ரோஜா' (1992) படத்தின் ஈரப் பசுமையும், தேசிய விருது பெற்ற 'இருவர்' (1997) படத்தில் வெட்டின்றி நகரும் நெடுங்காட்சிகளும் அவர் பாணிக்குச் சான்று.

நிலநடுக்கோட்டை ஒட்டிய நம் ஊரில் நண்பகல் வெயில் உச்சியிலிருந்து விழுந்து கண்குழிகளைக் கறுப்பாக்கிவிடும். சிறு குழுவினர் வெளிப்புறக் காட்சிக்கு மாலை வரை காத்திருந்து சிவன் வழியில் எடுப்பதே சிக்கனம். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டின் கூடத்துக்குள்ளேயே நடக்கும் கதையென்றால், சன்னலில் பாதியைக் கருந்துணியால் மறைத்து எடுக்கும் ஸ்ரீராம் பாணியையே நான் பரிந்துரைப்பேன்.