இருபதாயிரம் வாக்காளர்களா, ஒரே ஒரு புரவலரா? சாவிலும் கிப்பனும்

18ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் நிலபுலன் உள்ள ஒருவர் நாடாளுமன்றம் செல்லப் பெரும்பாலும் இரண்டு வழிகளே இருந்தன. ஒன்று, கவுண்டி எனப்படும் மாவட்டம் முழுவதிலும் உள்ள சிறு, பெரு நிலவுடைமையாளர்களின் ஆதரவைப் பெறுவது. மற்றொன்று, ஒரு பெரிய குடும்பத்தின் கைக்குள் அடங்கிய சிறு நகரத் தொகுதியை அதன் தயவில் பெறுவது. முதல் வழியில் சென்றவர் சர் ஜார்ஜ் சாவில். இரண்டாவதில் சென்றவர், பின்னர் ரோமப் பேரரசின் வரலாற்றால் புகழ்பெற்ற எட்வர்ட் கிப்பன்.

குடிப்படையில், அதாவது உள்நாட்டுக் காவலுக்காகக் கவுண்டிதோறும் திரட்டப்பட்ட படையில், செய்த சேவையில் இருவருக்கும் பெரிய வேறுபாடு இல்லை. 1757ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி வீரர்கள் திருவுளச்சீட்டு மூலம் தேர்ந்தெடுக்கப்பட்டார்கள். அதிகாரிகளுக்கோ நிலமே தகுதி. நிரந்தரப் படையில் பதவியைப் பணம் கொடுத்து வாங்கலாம், இங்கே நிலவருமானத்தைக் காட்ட வேண்டும். சாவில் யார்க்‌ஷயரின் மேற்குப் பிரிவான மேற்கு ரைடிங் படைக்குக் கர்னல். கிப்பன் தெற்கு ஹாம்ப்ஷயர் படையில் கேப்டனாக, 1760 மே முதல் 1762 டிசம்பர் வரை முகாம் முகாமாக அலைந்தார். சிசிங்ஹர்ஸ்ட் கோட்டையில் பிரெஞ்சுக் கைதிகளைக் காவல் காத்ததும் அப்போதுதான். அந்த அலுப்பான நாட்கள் ரோமப் படையணிகளைப் புரிந்துகொள்ளத் தமக்கு உதவின என்று பிற்காலத்தில் அவரே ஒப்புக்கொண்டார்.

தேர்தலில்தான் பாதைகள் பிரிகின்றன. கவுண்டி உறுப்பினருக்கு ஆண்டுக்கு 600 பவுன், நகரத் தொகுதி உறுப்பினருக்கு 300 பவுன் நிலவருமானம் வேண்டும் என்று 1711ஆம் ஆண்டுச் சட்டம் விதித்தது. யார்க்‌ஷயரில் ஏறத்தாழ இருபதாயிரம் வாக்காளர்கள் இருந்தார்கள். கார்ன்வாலின் லிஸ்கெர்டில் இருந்தவர்களோ ஒரு கூடத்துக்குள் அடங்கிவிடுவார்கள். அத்தொகுதி, கிப்பனின் உறவுப் பெண்ணை மணந்த எட்வர்ட் எலியட்டின் பிடியில் இருந்தது. ஆனால் 1759 முதல் 1783 வரை சாவில் உறுப்பினராக இருந்த காலத்தில் யார்க்‌ஷயரில் ஒருமுறைகூட வாக்குப்பதிவு நடக்கவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். அவ்வளவு பெரிய கவுண்டியில் போட்டியிடும் செலவுக்கு அஞ்சிய குடும்பங்கள் முன்கூட்டியே ஓர் உடன்பாட்டுக்கு வந்துவிடும். ஆகவே கவுண்டித் தொகுதியை இன்றைய மக்களாட்சியோடு குழப்பிக்கொள்ளக் கூடாது.

ஆனாலும் அந்த இருபதாயிரம் பேர் தந்த சுதந்திரம் மெய்யானது. பதவியை நாடாத சாவில் அமெரிக்க விடுதலையை எதிர்த்து அரசு நடத்திய போரை எதிர்த்தார்; 1778இல் கத்தோலிக்கர்கள் மீதான சில தடைகளை நீக்கும் சட்டத்தை முன்மொழிந்தார். 1774இல் அவைக்குள் நுழைந்த கிப்பனோ எட்டுக் கூட்டத்தொடர்களில் ஒரு சொல்லும் பேசவில்லை. பிரதமர் நார்த் பிரபுவின் அரசுக்கு வாக்களித்தார். 1779இல் வாணிப வாரியத்தில் ஆண்டுக்கு எழுநூறு பவுனுக்கு மேல் கிடைக்கும் பதவியைப் பெற்றார். தந்தை விட்டுச்சென்ற கடனோடு ஹாம்ப்ஷயரின் பெரிட்டன் (Buriton) ஊர்ப் பண்ணையைச் சுமந்தவருக்கு அந்தப் பணம் தேவைப்பட்டது என்பதால், இதைப் பெரிய குற்றமாகக் கருத எனக்கு மனமில்லை.

1780 இருவரையும் உரைத்துப் பார்த்தது. பிப்ரவரியில், அரசின் வீண்செலவைக் குறைக்கக் கோரி எட்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் ஒப்பமிட்ட யார்க்‌ஷயர் மனுவைச் சாவில் அவையில் அளித்தார். ஜூனில், கத்தோலிக்கர்களுக்கு எதிராக வெடித்த கார்டன் கலவரத்தில் ஈடுபட்டவர்கள், 1778ஆம் ஆண்டுச் சட்டத்துக்காக லண்டன் லெஸ்டர் சதுக்கத்தில் இருந்த அவருடைய வீட்டைத் தாக்கினார்கள். அவ்வாண்டின் பொதுத்தேர்தலில் யார்க்‌ஷயர் அவரையே மீண்டும் அனுப்பியது. கிப்பனுக்கு அந்தக் கலவரத்தில் தீங்கு நேரவில்லை. ஆனால் எலியட் எதிரணிக்குச் சாய்ந்ததும் லிஸ்கெர்ட் கைநழுவியது. 1781இல் அரசின் தயவில் லிமிங்டன் என்ற மற்றொரு நகரத் தொகுதி கிடைத்தது; மறு ஆண்டே வாணிப வாரியம் கலைக்கப்பட்டுச் சம்பளமும் போயிற்று.

1783இல் இருவருமே ஒதுங்கினார்கள். உடல்நலம் குன்றிப் பதவி விலகிய சாவில் 1784 ஜனவரியில் இறந்தார். கிப்பன் தம் ரோம வரலாற்றை முடிக்கச் சுவிட்சர்லாந்தின் லொசானுக்குப் புறப்பட்டார். அரசியல்வாதிக்கு எது சிறந்தது என்று கேட்டால், தயங்காமல் சாவிலின் வழியையே காட்டுவேன். ஆனால் கிப்பனை யார்க் நகரக் கூட்டமொன்றில் எழுந்து பேசச் சொல்லியிருந்தால், அவர் அன்றே குதிரையைத் திருப்பிக்கொண்டு வீடு திரும்பியிருப்பார்.