ஐந்து வருடம் உழைத்த பீன் பேக்கும் அதன் உருப்படாத ஜிப்பும்

பீன் பேக்கின் ஜிப் மூன்றாவது முறையாகப் போய், இந்த வாரம்தான் புது ஜிப் போட்டு வாங்கியிருக்கிறேன். அதே நேரத்தில், செல்லப்பிராணி ஷூட்டும் காட்டுயிர்ப் படமும் தொழிலாக எடுத்துக்கொண்டு புதிதாக வந்திருக்கும் தம்பி ஒருவர், "அண்ணா, முதல்ல டிரைபாட் வாங்கட்டுமா, பீன் பேக் வாங்கட்டுமா?" என்று கேட்டிருந்தார். அவருக்கு எழுத உட்கார்ந்தது நீண்டுவிட்டது. பீன் பேக் என்றால் என்ன என்ற பாடம் இதில் இல்லை. கேமராவின் லென்ஸை ஆடாமல் சாத்தி எடுக்க, ஜீப் கம்பியின் இரு பக்கமும் இரண்டு பையாகச் சேணம் மாதிரி தொங்குமே, அந்த வகைப் பை. காலியாக 400 கிராம் இருக்கும். நிரப்பினால் மூன்றரைக் கிலோவுக்கும் நாலு கிலோவுக்கும் நடுவில் வரும். காட்டிலும் வீட்டு வாசலிலும் ஐந்து வருடம் அடிபட்ட பை.

தம்பிக்குப் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சஃபாரி வண்டியில் டிரைபாடுக்கு இடமே கிடையாது. ஆறு பேர் உட்கார்ந்திருக்கும் ஜிப்ஸியில் மூன்று காலை எங்கே விரிப்பது? விரித்தாலும் வண்டித் தரையின் அதிர்வு மூன்று கால் வழியாகவும் ஏறி லென்ஸுக்கு வரும். ஒற்றைக்கால் மோனோபாட் கொஞ்சம் பரவாயில்லை, ஆனால் வலது பக்கத்திலிருந்து இடது பக்கத்துக்குத் திரும்புவதற்குள் சிறுத்தை புதருக்குள் போயிருக்கும். பீன் பேக்கைத் தூக்கி அடுத்த கம்பியில் போட இரண்டு நொடி போதும்.

எடைக் கணக்கும் பார்க்க வேண்டும். நிக்கான் 200-500 மி.மீ. ஜூம் லென்ஸ் காலரோடு (டிரைபாடில் மாட்டுவதற்காக லென்ஸைச் சுற்றியிருக்கும் பாதம் வைத்த வளையம்) 2,300 கிராம், டி500 கேமரா பாடி பேட்டரியோடு 860 கிராம். சேர்த்தால் மூன்று கிலோவைத் தாண்டுகிறது. புலி வரும் என்று சொல்லி ஓரிடத்தில் நிறுத்திய வண்டியில் நாற்பது நிமிடம் இதைக் கண்ணோடு பிடித்திருப்பவரின் தோள்பட்டை என்ன ஆகும் என்று யோசியுங்கள். புலி வருகிற நேரம் பார்த்துக் கை நடுங்கும். பத்து வருடம் இந்தத் தொழிலில் இருக்க வேண்டுமானால் கழுத்தையும் இடது தோளையும் முதல் நாளிலிருந்தே காப்பாற்ற வேண்டும். லென்ஸ் தேய்ந்தால் வேறு வாங்கலாம்.

அந்தி வெளிச்சத்தில்தான் இந்தப் பையின் அருமை தெரியும். எஃப் 5.6-க்கு மேல் வாய் திறக்காத அந்த லென்ஸை முழு ஜூமான 500-இல் வைத்து, கையில் பிடித்து 1/500 நொடியில் எடுத்தால் ஐஎஸ்ஓ (கேமராவின் ஒளியுணர்வு, கூட்டினால் படம் புள்ளி தட்டும்) 6400 கேட்கிற வெளிச்சம் அது. பையில் சாத்தி, லென்ஸின் அதிர்வுத் தடுப்பான விஆரையும் போட்டுக்கொண்டு 1/125-க்கு இறங்கினால் அதே படத்துக்கு ஐஎஸ்ஓ 1600 போதும். உட்கார்ந்திருக்கும் சிறுத்தை, படுத்திருக்கும் காட்டெருது போன்றவற்றுக்குத்தான் இது. நடக்கும் மானுக்கு 1/500-க்குக் கீழே இறங்கினால் கால் கலங்கிவிடும். ஆனால் அந்த இரண்டு ஸ்டாப்பில், அதாவது ஐஎஸ்ஓ இரண்டு முறை பாதியாகக் குறைந்ததில், மீசை மயிர் ஒவ்வொன்றாகத் தெரியும். அச்சுக்குக் கொடுக்கும்போது அந்த வித்தியாசத்துக்குத்தான் காசு.

வைக்கிற விதத்தில் நிறையப் பேர் தப்புச் செய்கிறார்கள். டிரைபாட் காலரின் பாதத்தைக் கீழே விட்டுப் பையில் குத்தி வைப்பார்கள். அப்படி வைத்தால் லென்ஸ் அந்தச் சிறிய பாதத்தில் நின்று இரு பக்கமும் ஆடும். காலரைத் தளர்த்திப் பாதத்தை மேலே திருப்புங்கள். லென்ஸின் உடல் நேராகப் பைக்குள் புதைந்து படுக்கட்டும். இடது கையை லென்ஸுக்கு அடியில் கொடுக்காதீர்கள். லென்ஸின் மேல் வைத்து, தூங்கும் குழந்தையின் முதுகில் கை வைப்பது போல மெதுவாக அழுத்துங்கள். கேமராவுக்குள் கண்ணாடி எழும்பி அடிக்கும் ஆட்டமும் வண்டி ஆடுவதும் அந்தக் கையிலேயே அடங்கும்.

ஜூம் வளையம் பைமேல் படக்கூடாது. ஜூம் செய்யும்போது நீளுகிற லென்ஸ்களில் இதுதான் பெரிய தொல்லை. நீளும் குழாய் பையில் உரசித் தானியத்தைத் தள்ளும், வளையம் இறுகும். காலரை ஒட்டி, அசையாத பகுதி பைமேல் வருகிற மாதிரி வைத்தால் சரியாகும். சோனி 200-600, நிக்கான் இசட் 180-600 மாதிரி உள்ளுக்குள்ளேயே ஜூம் ஆகும் லென்ஸ் வைத்திருப்பவர்களுக்கு இந்தக் கவலை இல்லை.

பை எல்லா அதிர்வையும் தின்றுவிடும் என்று நம்பவும் வேண்டாம். தானியமணிகள் ஒன்றோடொன்று உரசுவதால் சின்னச் சின்ன வேக அதிர்வுகள் அடங்கும். பின்சீட்டில் ஒருவர் எழுந்து நின்றால் வண்டி மெதுவாகச் சாய்ந்து ஆடுமே, அதைப் பை அப்படியே லென்ஸுக்குக் கடத்தும். டீசல் எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தாலும் 1/125 கனவுதான். ஓட்டுநரிடம் எஞ்சினை அணைக்கச் சொல்லுங்கள். யானை பக்கத்தில் நிற்கும்போது மாட்டேன் என்பார். அப்போது வாதாடாதீர்கள், ஷட்டர் வேகத்தை ஏற்றிக்கொள்ளுங்கள். வெயிலில் ஓடி நின்ற வண்டியின் பானெட்மேல் பையை வைத்து எடுப்பதும் வேண்டாம். கீழிருந்து கிளம்பும் சூட்டில் படம் முழுக்கக் கானல் ஆடும். ஃபோகஸ் பிழை என்று நினைத்து லென்ஸைச் சர்வீஸுக்கு அனுப்பியவர்கள் உண்டு.

இனி உள்ளே போடுவது. இந்தப் பையில் மனசார மகிழ்ந்த விஷயம் இதுதான்.

வாங்கும்போது உள்ளே தெர்மாகோல் உருண்டை இருந்தது. அது வீட்டில் உட்காரும் சோபாவுக்குச் சரி. மூன்று கிலோவை வைத்தால் பந்து மாதிரி எம்பும், ஆறு மாதத்தில் நசுங்கிப் பாதியாகும். பிறகு புழுங்கலரிசி. படிகிற விதம் அருமை, ஆனால் தவிடு. துணி வழியாக மாவு மாதிரி கசிந்து காலர் இடுக்கிலும் லென்ஸ் கேமராவில் பொருந்தும் மவுன்ட்டிலும் ஏறும். மழைக்காலத்தில் ஈரம் குடித்துக் கட்டியாகும், அப்புறம் வண்டு. துவரம்பருப்பிலும் வண்டு விழுந்தது. மொச்சை, மக்காச்சோளம் எல்லாம் மணி பெரிசு. லென்ஸின் வளைவுக்கு ஏற்றபடி படியாமல் நெருடிக்கொண்டு நிற்கும்.

கடைசியில் வந்து சேர்ந்தது கேழ்வரகு. மணி சின்னது, உருண்டை, தண்ணீர் மாதிரி ஓடி லென்ஸின் அடியை அச்சு எடுத்ததுபோலப் பிடித்துக்கொள்ளும். பஞ்சத்துக்கென்று குழியில் கொட்டி வருடக்கணக்கில் வைத்திருந்த தானியம் இது. வண்டு எளிதில் விழாது. செய்முறை: மூன்றரைக் கிலோ எடுத்து நன்றாகச் சலித்து, தூசி போகப் புடைத்து, அடி கனமான வாணலியில் கொஞ்சம் கொஞ்சமாக வறுக்க வேண்டும். வெடிக்கும் வரை விடக்கூடாது, நன்றாகச் சூடேறி வறுத்த வாசனை வந்தால் போதும். ஒரு ராத்திரி முழுக்கத் துணியில் பரப்பி ஆறவிட்டுப் பிறகுதான் நிரப்ப வேண்டும். சூட்டோடு போட்டால் உள்ளே வியர்த்து நாறும்.

வறுப்பதற்கு ஈரம் போவது மட்டும் காரணமில்லை. பை கிழிந்து காட்டில் சிந்தினால் பச்சைத் தானியம் முளைக்கும்; வறுத்தது முளைக்காது. சிந்தியதை அப்படியே விட்டுவிட்டு வருவதும் தவறு. குரங்கும் புள்ளிமானும் பாதையோரம் வந்து பழகும். புலிகள் காப்பகத்துக்குள் விலங்குக்கு உணவு கொடுப்பதற்குத் தடை இருக்கிறது. "நான் கொடுக்கல, கொட்டிருச்சு" என்றால் வனக்காவலர் கேட்க மாட்டார், கேட்கவும் கூடாது.

அளவு முக்கால் பங்கு. நிறைய அடைத்தால் பை கல்லாகி லென்ஸ் உருண்டு விழும். குறைந்தால் லென்ஸ் புதைந்து இரும்புக் கம்பியில் இடிக்கும். முஷ்டியால் அழுத்திப் பாருங்கள். முஷ்டி பாதி இறங்கி, அடியில் கம்பி தட்டாமல் இருந்தால் சரி. விமானத்தில் போகிறவர்கள் காலிப் பையை மட்டும் எடுத்துப்போய், இறங்கிய ஊரில் தானியம் வாங்கிக்கொள்ளுங்கள். வெளிநாட்டுக்குத் தானியத்தோடு போனால் பயிர்நோய்த் தடுப்புச் சோதனையில் பிடுங்கிக்கொள்வார்கள். திரும்பும்போது யார் வீட்டுக் கோழிக்காவது கொடுத்துவிட்டு வரலாம்.

நாய் ஷூட்டுக்கு இதே கேழ்வரகுப் பை ஆகாது. வறுத்த வாசனைக்கு லாப்ரடார் வந்து பையிலேயே மூக்கை வைத்துக்கொண்டு நிற்கும். குட்டி என்றால் கடித்தே விடும். அதனால்தான் பையில் வண்டுமருந்து எதையும் போடவே கூடாது. வசம்பு, பூச்சி உருண்டை எதுவும் வேண்டாம். நாய்க்கென்று தனியாக ஒரு சின்னப் பை, உள்ளே பிளாஸ்டிக் குருணை, ஒன்றரைக் கிலோ. குருணை கொஞ்சம் சலசலக்கும். காட்டில் அது தொந்தரவு. நாய்க்கு அது பிஸ்கட் பாக்கெட் சத்தம். காதைத் தூக்கி, தலையைச் சாய்த்து நேராக லென்ஸைப் பார்க்கும். இரண்டு மூன்று முறைக்கு மேல் செய்தால் ஏமாற்றுகிறார்கள் என்று அதற்குத் தெரிந்துவிடும், அப்புறம் திரும்பியும் பார்க்காது.

நாயின் கண்மட்டத்துக்கு லென்ஸ் இறங்காவிட்டால் அது வீட்டுக்காரர் போனில் எடுத்த படம்தான். பக், டாஷண்ட் மாதிரி குள்ள நாய்க்குத் தரையில் பையைப் போட்டு, குப்புறப் படுத்து எடுக்கலாம். நின்றுகொண்டிருக்கும் ராஜபாளையத்துக்குப் பிளாஸ்டிக் முக்காலி ஒன்றைப் போட்டு அதன்மேல் பையை வைத்தால் உயரம் சரியாக வரும். சிப்பிப்பாறை ஓடும்போது பையை மறந்துவிடுங்கள். கையில் தூக்கி, 1/2000-க்கு மேல் வைத்துக்கொண்டு பின்தொடர வேண்டியதுதான். பறக்கும் பறவைக்கும் அப்படித்தான். வேடந்தாங்கல் கரைக் கம்பியில் பையைப் போட்டுக் கூட்டில் இருக்கும் நத்தைகுத்தி நாரையை மணிக்கணக்கில் எடுக்கலாம். அது எழும்பித் தலைக்குமேல் வந்தால் பை கையைக் கட்டிப்போட்டுவிடும்.

இவ்வளவு நல்ல பொருளைக் கெடுத்தது ஜிப்.

பையின் அடியில், சரியாகக் கம்பி அழுத்தும் வளைவில், ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை நீளமாக ஜிப் வைத்துத் தைத்திருக்கிறார்கள். தையல் தெரிந்த யாராவது இதைச் செய்வார்களா? லென்ஸும் கையும் சேர்த்து ஐந்து கிலோ பாரம் மேலிருந்து அழுத்துகிறது, கீழே இரும்பு, நடுவில் நசுங்குவது ஜிப். பல் இரண்டு வளைந்ததும் அந்த இடைவெளியில் ஒரு கேழ்வரகு போய் உட்காரும். அடுத்த முறை ரன்னரை இழுக்கும்போது மணி அரைபட்டு மாவாகும், ரன்னர் ஒரு பக்கம் வாய் பிளக்கும். வாய் பிளந்த ரன்னர் போய்க்கொண்டே இருக்கும், பின்னாலேயே ஜிப் திறந்துகொண்டே வரும். குறடால் ரன்னரை லேசாக நசுக்கினால் ஒரு மாதம் ஓடும். மெழுகுவர்த்தித் துண்டைத் தேய்த்தால் கொஞ்சம் வழுக்கும். இரண்டும் தற்காலிகம்தான். அதுபோக உலோகப் பிடி காரின் கதவுப் பெயின்ட்டைச் சுரண்டும். வாடிக்கையாளர் வண்டியில் அப்படி ஒரு கோடு விழுந்தால் அன்றைய கூலி அதற்கே சரி.

முதல் இரண்டு முறையும் அதே இடத்தில் அதே ஐந்தாம் நம்பர் ஜிப்பைப் போட்டதுதான் தப்பு. இந்த முறை ஆட்டோ சீட் தைப்பவரிடம் கொடுத்து, பழைய ஜிப்பை எடுத்துவிட்டு வாயை நிரந்தரமாகத் தைத்துவிட்டு, ஒவ்வொரு பையின் வெளிப்பக்கத்திலும் 12 சென்டிமீட்டருக்கு, பல் இன்னும் பெரிசான எட்டாம் நம்பர் ஜிப் போட்டாயிற்று. அந்தப் பக்கம் பாரம் வராது. வெல்குரோ மூடி வேண்டுமா என்று கேட்டார், வேண்டாம் என்றேன். அமைதியான காட்டில் அது பிரியும் சத்தத்துக்கு மான்கூட்டமே தலையைத் தூக்கும். உள்ளே கேழ்வரகை நேராகக் கொட்டாமல், நெருக்கமாக நெய்த காடாத்துணியில் இரண்டு உறை தைத்து, அதில் நிரப்பி, வாயைத் தைத்துவிட்டு உள்ளே வைத்தாயிற்று. இனி மணி ஜிப் பக்கமே வராது.

ஆக, ஐந்து வருடத்தில் லென்ஸை ஒரு முறைகூடக் கைவிடாத பை. எந்த விலைக்கும் கிடைக்காத நிதானத்தைக் கொடுத்த பை. இருந்தாலும் இந்தக் கடைப் பையை நான் யாருக்கும் சிபாரிசு செய்ய மாட்டேன், தம்பிக்கும்தான். ஒரு சாண் ஜிப்பை எங்கே வைப்பது என்று யோசிக்காதவர்களுக்குக் காசு கொடுக்க மனம் வரவில்லை. தைத்துக்கொள்ளுங்கள். கனமான கான்வாஸ் துணி, நைலான் நூல், இரட்டைத் தையல். ரெக்ஸின் வேண்டாம், வழுக்கும், வெயிலில் கொதிக்கும். பை ஒவ்வொன்றும் 28 சென்டிமீட்டர் நீளம், 18 அகலம், 6 கனம். இரண்டையும் சேர்க்கும் நடுப்பட்டை 12. பட்டையின் அடியில், கம்பியில் படும் இடத்தில், பழைய சைக்கிள் டியூபை வெட்டி வைத்துத் தைக்கச் சொல்லுங்கள். வழுக்காது, பெயின்ட்டும் பிழைக்கும்.